உடுக்கை சாமியைக் கெஞ்சிக் கூப்பிடுகிற வாத்தியம்

புதிதாக வந்திருக்கிற அந்தக் கற்பனை உலகப் படத்தின் ட்ரெய்லரைப் பற்றி எழுதக் கூடாது என்று இரண்டு நாளாகப் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். முடியவில்லை. எல்லாரும் பார்த்திருப்பீர்கள். மலை உச்சியில் ஒளிக் கடவுளின் கோயில், அங்கே வயலினும் கோரஸும். கீழே காட்டுக்குள் நரபலி கொடுக்கிற கூட்டம், அங்கே உடுக்கையும் பம்பையும். வருவதே அரை நிமிடம்தான். என் தாத்தா ஆயுசு முழுக்க அம்மனுக்கு வாசித்ததை அந்த அரை நிமிடத்தில் நரபலிக்குப் பின்னணி ஆக்கிவிட்டார்கள்.

“கற்பனை உலகம்தானே, இதற்குப் போய் ஏன்?” என்பார்கள். அந்த உலகத்துக்குப் புது மொழி செய்தார்கள், புது எழுத்து செய்தார்கள், வானத்தில் மூன்று நிலா வைத்தார்கள். கெட்டவர்களின் இசையை மட்டும் எங்கள் தெருவிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். அதையும் கற்பனையே செய்திருக்கலாம்.

உலகம் படைப்பது நமக்குத் தெரியாத வேலை இல்லை. ஒரு நிலத்துக்கு உரியவை எவை என்று தொல்காப்பியம் வரிசை சொல்லும்போது தெய்வம், உணவு, விலங்கு, மரம், பறவை, அதோடு பறையையும் சேர்க்கிறது. குறிஞ்சிக்குத் தொண்டகப்பறை, முல்லைக்கு ஏறுகோட்பறை, பாலைக்குத் துடி என்று பின்னால் வந்தவர்கள் பெயரும் கொடுத்தார்கள். துடி உடுக்கையின் இனம்தான். “பாலைக்காரர்கள் வழிப்பறி செய்தவர்கள், அவர்கள் வாத்தியம்தானே இது” என்று ஒரு நண்பர் கேட்டார். சரி, சிலப்பதிகாரத்தில் வேட்டுவ வரியை எடுத்துப் படியுங்கள். பாலை நில வேட்டுவர்களான அந்த எயினர் கூட்டத்தில் சாமி வந்து ஆடுகிற சாலினிதான், மதுரைக்குப் போகும் முன்பே கண்ணகியின் பெருமையைச் சொல்கிறாள். நடராசர் மேல் வலக்கையில் பிடித்திருப்பதும் உடுக்கைதான். அவர் கையில் இருந்தால் படைப்பின் ஓசை, என் தாத்தா கையில் இருந்தால் பேய்ச் சத்தமா?

“பேயோட்டவும் உடுக்கை அடிப்பார்களே?” ஆமாம், அடிப்பார்கள். ஓட்டத்தான் அடிப்பார்கள், அழைக்க இல்லை.

ஆடி மாதம் தாத்தா வீட்டில் தங்கவே மாட்டார். ஒரு வருடம் என்னையும் கூட்டிப் போனார். கரகம் ஜோடித்தாகிவிட்டது, எடுக்க வேண்டியவருக்கு அருள் வரவில்லை. ஊரே நிற்கிறது. வேகமாக அடி, வேகமாக அடி என்று சுற்றி நின்றவர்கள் அவசரப்படுத்தினார்கள். தாத்தா வேகத்தைக் குறைத்தார். இடக்கையால் உடுக்கையின் இடுப்புக் கயிற்றை மெல்ல அழுத்தி விட்டார். அழுது ஓய்ந்த பிள்ளை கேவுவதுபோல ஓர் ஒலி. அம்மனைப் பாடி அழைக்கிற வர்ணிப்பில் தாயே, தாயே என்று கெஞ்சினார். மிரட்டவில்லை, பயமுறுத்தவில்லை, கெஞ்சினார். எதிரே நின்றவருக்கு முதலில் தோள் சிலிர்த்தது, அப்புறம் கண் நிறைந்தது. அங்கே யாரும் பயப்படவில்லை. பெண்கள் கன்னத்தில் போட்டுக்கொண்டு அழுதார்கள்.

“நிஜமான பம்பைக் கலைஞர்களை வைத்துத்தானே வாசித்தார்கள், நாலு பேருக்குக் கூலி கிடைத்ததே” என்பதற்கு மட்டும் என்னிடம் பதில் இல்லை. வாசித்தவர்களை ஒரு வார்த்தை சொல்ல மாட்டேன். திருவிழா இல்லாத மாதங்களில் அடுப்பு எப்படி எரியும் என்று பார்த்து வளர்ந்தவன் நான். அவர்கள் வாசித்ததைக் கொண்டுபோய் எந்தக் காட்சியில் ஒட்டினார்கள் என்பதுதான் என் கேள்வி.

ஏழாம் வகுப்பில் எனக்குப் பட்டப்பெயர் “பேயோட்டி பேரன்”. வீட்டில் சொன்னதில்லை. அப்பாவுக்கும் அப்படி ஒரு பெயர் இருந்திருக்க வேண்டும், அவர் உடுக்கையைத் தொட்டே நான் பார்த்ததில்லை. நானும் கற்றுக்கொள்ளவில்லை. தாத்தா ஒரு நாளும் ஏன் என்று கேட்கவில்லை. அது இப்போதுதான் வலிக்கிறது.

நேற்று இரவு பரணிலிருந்து அந்த உடுக்கையை இறக்கினேன். மகள் பார்த்துவிட்டு, “இது அந்த வில்லன் டிரம்தானேப்பா?” என்றாள். தோல் தளர்ந்துபோயிருந்தது. அடுப்பு அனலில் தள்ளிப் பிடித்துக் கொஞ்சம் சூடு காட்டி அவள் கையில் கொடுத்து, கயிற்றை அழுத்தச் சொன்னேன். சின்னக் கை, அழுத்த வரவில்லை. அவள் கைமேல் என் கையை வைத்துச் சேர்த்துப் பிடித்தேன்.