மில்லியன் டாலர் சாலையும் ஓட்டோ மியர்ஸும்

அமெரிக்காவின் கொலராடோ மாநிலத்தில் உள்ள 'மில்லியன் டாலர் நெடுஞ்சாலை'யை ஓட்டோ மியர்ஸ் தன் பணத்தில் ஒரு மில்லியன் டாலர் கொட்டிப் போட்டார், அதனால்தான் அந்தப் பெயர் என்று ஒரு தகவல் சுற்றுகிறது. தவறு.

ரஷ்யப் பேரரசில் 1840இல் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய யூதர் மியர்ஸ். சவாச் ஊரை நிறுவியவர்களில் ஒருவர், மாநிலச் சட்டமன்றத்திலும் இருந்தார். 1880களில் அதே மாநிலத்தின் யூரே ஊர்ப் பக்கம் மலையைக் குடைந்து அவர் போட்டது குறுகலான, குதிரை வண்டிகளுக்கான சுங்கச் சாலை. வசூலும் அவருக்கே! இன்றைய நெடுஞ்சாலை பெரும்பாலும் அதே தடத்தில் போகிறது, சரி. ஆனால் அது 1920களில் அரசு திருத்திக் கட்டியது. 'மில்லியன் டாலர்' பட்டமும் அப்புறம் ஒட்டிக்கொண்டதுதான்.

நில ஒப்பந்தத்தில் கையெழுத்திட யூட் பழங்குடியினருக்குத் தலைக்கு 2 டாலர் கொடுத்தார் என்றும் அவரைப் பற்றிச் சொல்வார்கள், அது மட்டும் உண்மை.