குரோசாவா சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் பெற்றாரா?

ஜப்பானிய இயக்குநரும் திரைக்கதையாசிரியருமான அகிரா குரோசாவா, 'ரஷோமான்' படத்துக்காகச் சிறந்த இயக்குநருக்கான ஆஸ்கர் விருது பெற்றார் என்றொரு செய்தி பகிரப்பட்டு வருகிறது. இது தவறு.

ரியுனோசுகே அகுதகாவாவின் கதைகளிலிருந்து ஷினோபு ஹஷிமோத்தோவுடன் இணைந்து அவர் திரைக்கதை எழுதி இயக்கிய அப்படம், 1951இல் வெனிஸ் திரைப்பட விழாவின் தங்கச் சிங்கம் விருதை வென்றது. 1952இல் ஆஸ்கர் மேடையில் அதற்குக் கிடைத்தது, பிறமொழிப் படங்களுக்கென்று போட்டிப் பிரிவு உருவாகாத அக்காலத்தில், படத்துக்கென வழங்கப்பட்ட சிறப்பு விருதாகும். குழப்பத்தின் வேர் இங்கேதான் இருக்கிறது எனக் கருதுகிறேன்.

அவர் இயக்கிய 'தெர்சு உசாலா' 1976இல் பெற்ற ஆஸ்கரும் சிறந்த பிறமொழிப் படத்துக்கானதே, இயக்குநருக்கானது அன்று; அதுவும் சோவியத் ஒன்றியத்தின் சார்பில் அனுப்பப்பட்ட படம். ஜப்பானின் சார்பில் அன்று.

சிறந்த இயக்குநருக்கான பரிந்துரையை அவர் தம் வாழ்நாளில் ஒரே ஒரு முறை, ஷேக்ஸ்பியரின் 'லியர் மன்ன'னைத் தழுவி எடுத்த 'ரான்' படத்துக்காக, 75 வயதில்தான் பெற்றார். 1986இல் நடந்த அவ்விழாவில் அவ்விருது 'அவுட் ஆஃப் ஆப்பிரிக்கா'வை இயக்கிய சிட்னி பொல்லாக்குக்குச் சென்றது. 'ரான்' வென்ற ஒரே ஆஸ்கர், எமி வாடாவின் உடை வடிவமைப்புக்கானது. அப்பேருழைப்பும் இந்தத் தவறான செய்தியில் மறைந்துபோவது எனக்கு வருத்தமளிக்கிறது.

குரோசாவா தம் பெயரில் பெற்ற ஆஸ்கர், 1990இல் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க்கும் ஜார்ஜ் லூகாஸும் மேடையில் வழங்கிய வாழ்நாள் சாதனைக்கான கௌரவ விருதாகும்.