"மொத்தம் எவ்வளவு" என்று கேட்டது குற்றமா?

ஞாயிற்றுக்கிழமை வீட்டுக் கண்காட்சியில் நடந்ததை அன்றைக்கு ராத்திரியே எழுதிவிட்டேன், படித்தவர்களுக்குத் தெரியும். அதை மறுபடி முழுக்கச் சொல்லப் போவதில்லை. என்னோடு வந்த அலுவலகத்துப் பெண் கேட்டது ஒரே ஒரு கேள்வி. "20 வருஷம் தவணை கட்டி முடிக்கிறப்போ மொத்தம் எவ்வளவு கட்டியிருப்போம் சார்?" வீட்டுக்கடன் கவுன்டரில் இருந்தவர் சொன்ன பதில்: "அதெல்லாம் பார்த்தா மெட்ராஸ்ல யாருமே வீடு வாங்க முடியாதும்மா. மாசம் எவ்வளவுன்னு மட்டும் பாருங்க." பக்கத்தில் நின்றவர்கள் சிரித்தார்கள். அந்தப் பெண் அதற்கப்புறம் வாயே திறக்கவில்லை.

அந்தச் சிரிப்பைவிட எனக்கு வலித்தது பதிவுக்குக் கீழே வந்தவைதான். "அடுத்தவங்க வீடு வாங்கினா உங்களுக்கு ஏன் வயித்தெரிச்சல்?" என்று ஒருத்தர். "மாமனார் கட்டின வீட்ல கொளத்தூர்ல சொகுசா இருந்துட்டு எங்களுக்குப் புத்தி சொல்லாதீங்க அக்கா" என்று இன்னொருத்தர். பல வருஷமாகப் பழகியவர்கள். நான் வீடு வாங்காதே என்று எங்கே சொன்னேன்? பதிவைத் திரும்பப் போய்ப் படியுங்கள். மொத்தம் எவ்வளவு என்று கேளுங்கள், அந்தத் தொகையைப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போடுங்கள் என்றுதான் எழுதியிருக்கிறேன். இன்றைக்கும் அதையேதான் சொல்வேன்.

நான் அம்பத்தூர் எஸ்டேட்டில் ஒரு சின்னக் கம்பெனியில் கணக்குப் பார்க்கிறவள். எண்களோடுதான் என் பிழைப்பு. அதனால் எண்ணாகவே சொல்கிறேன்.

50 லட்சம் கடன், 20 வருஷம், வட்டி 8.5 சதவீதம் என்று வைத்துக்கொள்ளுங்கள். உங்களுக்குக் கொஞ்சம் கூடவோ குறைவாகவோ இருக்கலாம். மாதத் தவணை 43,391 ரூபாய். முதல் மாசம் நீங்கள் கட்டுகிற அந்தப் பணத்தில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய். ஐந்து வருஷம் ஒரு தவணை தவறாமல் கட்டினால் உங்கள் கையிலிருந்து போயிருப்பது 26 லட்சம். அசலில் குறைந்திருப்பது 6 லட்சம்கூட இல்லை. பாதி அசல், அதாவது 25 லட்சம் தீர்வதற்குக் கிட்டத்தட்ட 14 வருஷம் ஆகும். கடைசித் தவணை கட்டும்போது மொத்தம் 1 கோடியே 4 லட்சம். 50 லட்சம் கடன், 54 லட்சம் வட்டி.

"தவணை கட்ட முடியலைன்னா 30 வருஷமா போட்டுக்கலாம் மேடம்" என்று அந்தக் கவுன்டரிலேயே சொன்னார்கள். போட்டுக்கொண்டால் மாசம் 38,446. சுமார் 5,000 ரூபாய் குறைகிறது, உண்மைதான். மொத்தம் 1 கோடியே 38 லட்சம் ஆகிறது. மாசம் 5,000 குறைவதற்காகக் கூடுதலாக 34 லட்சம் கட்டுகிறோம். இதைச் சொல்ல அரை நிமிஷம் ஆகுமா? ஏன் சொல்லவில்லை? தெருவில் பிடிக்கிற ஏலச்சீட்டில்கூட யார் எவ்வளவு தள்ளி எடுத்தார்கள் என்று அத்தனை பேருக்கும் தெரியும். வாழ்நாள் சம்பாத்தியத்தை எழுதிக் கொடுக்கிற இடத்தில் கேட்டால் சிரிக்கிறார்கள்.

"உங்களுக்கு என்ன அனுபவம் இருக்கு?" என்று கேட்டவருக்கு என் தம்பி கதையைச் சொல்கிறேன். அவன் அனுமதியோடுதான் எழுதுகிறேன்.

2021-இல் மேடவாக்கம் பக்கம் பழைய ஃபிளாட் ஒன்று வாங்கினான். அப்போது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம், அதாவது வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கிற வட்டி, 4 சதவீதம், வீட்டுக்கடன் மலிவாகக் கிடைத்த காலம். 50 லட்சம், 6.75 சதவீதம், 240 தவணை, மாசம் 38,018. மிச்சப் பணத்துக்கு அம்மாவின் வளையல்கள் அடகுக்குப் போயின. அப்போது முத்திரைத்தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 4 சதவீதம், ஆக 11. (2023-இல் பதிவுக் கட்டணத்தை 2 ஆகக் குறைத்தார்கள், கூடவே பதிவுக்காக அரசு வைக்கிற வழிகாட்டி மதிப்பை ஏற்றினார்கள்.) வீட்டு விலை 10 லட்சத்தைத் தாண்டினால் முத்திரை, பதிவுச் செலவைச் சேர்த்துக் கணக்கிட்டுக் கடன் தர மாட்டார்கள், அதைக் கையிலிருந்துதான் போட வேண்டும் என்பதே அவனுக்குக் கடைசி வாரத்தில்தான் சொல்லப்பட்டது. பிராசசிங் கட்டணம், வக்கீல் கருத்து, மதிப்பீட்டாளர், எம்.ஓ.டி. (பத்திரத்தை அடமானமாக ஒப்படைத்ததற்கான ஆவணம்) பதிவு என்று ஒவ்வொன்றாக வந்தது. கடன் காப்பீடு கட்டாயம் என்று சொல்லி 1,80,000 ரூபாய் பிரீமியத்தையும் அந்த 50 லட்சக் கடனுக்குள்ளேயே சேர்த்துவிட்டார்கள். வீட்டுக்கடனோடு காப்பீடு எடுத்தே ஆகவேண்டும் என்று எந்த ரிசர்வ் வங்கி விதியும் இல்லை. 8.5 சதவீதக் கணக்கில் பார்த்தால் அந்த 1,80,000 இருபது வருஷத்தில் 3,75,000 ரூபாயாகிறது.

2022 மே மாசம் ரெப்போவை ஏற்ற ஆரம்பித்தார்கள். 2023 பிப்ரவரிக்குள் 6.5-க்குப் போய்விட்டது. தம்பிக்கு வந்தது ஒரு குறுஞ்செய்தி, "வட்டி விகிதம் திருத்தப்பட்டுள்ளது" என்று. தவணை மாறாததால் அவன் கண்டுகொள்ளவில்லை. வருமான வரிக்காக வட்டிச் சான்றிதழ் எடுத்தபோது நான் கூடவே கணக்கு அறிக்கையையும் எடுக்கச் சொன்னேன். அவன் வீட்டுச் சாப்பாட்டு மேஜையில் உட்கார்ந்து பார்த்தோம். ஒரு பத்தியில் தவணை, அடுத்ததில் வட்டி, அதற்கடுத்து அசல். வட்டி 9.25 ஆனபோது நிலுவை 48 லட்சத்துக்குச் சற்று மேல். ஒரு மாச வட்டி மட்டும் 37,000-க்கு மேல். அசல் பத்தியில் ஆயிரத்துக்கும் குறைவான எண்கள் வரிசையாக நின்றன. 917 என்று ஒன்று. 38,018 ரூபாய் கட்டிய மாசத்தில் வீட்டில் அவனுடையதாக ஆனது 917 ரூபாய். கடைசித் தவணை எப்போது என்று பார்த்தால், அவன் ஓய்வு பெறும் வருஷத்தைத் தாண்டிப் போயிருந்தது. 240 தவணைக்குக் கையெழுத்துப் போட்டவனிடம் யாரும் கேட்காமல் நீட்டியிருந்தார்கள்.

கிளைக்குப் போனோம். "எல்லாருக்கும் இப்படித்தான் மேடம், உங்க தவணை ஏறலையே, சந்தோஷப்படுங்க" என்றார் அங்கே இருந்தவர். அவன் அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றான். வெளியே வந்து வண்டியை எடுக்காமல் ரொம்ப நேரம் சாவியைக் கையில் வைத்துக்கொண்டிருந்தான்.

இப்படிப் பலருக்கு நடந்ததால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை விட்டது. வட்டி ஏறினால் கடன் வாங்கியவருக்குத் தெளிவாகச் சொல்ல வேண்டும், தவணையை ஏற்றுவதா காலத்தை நீட்டுவதா இரண்டுமா என்று அவரைக் கேட்க வேண்டும் என்றது. ஏற்கெனவே கடன் வாங்கியவர்களுக்கும் அது பொருந்தும். அதைக் கையில் வைத்துக்கொண்டு போய்த்தான் தவணையை ஏற்றிக் காலத்தைக் குறைத்தோம். 2025-இல் ரெப்போ படிப்படியாக 5.25 வரை இறங்கியது. அவனுடையது வங்கிக் கடன் இல்லை, வீட்டு வசதி நிதி நிறுவனத்துக் கடன். வங்கிகளைப் போல வட்டியை ரெப்போ மாதிரி வெளி அளவுகோலோடு இணைத்தே ஆகவேண்டும் என்ற கட்டாயம் அவர்களுக்கு இல்லை. ஏறும்போது உடனே ஏறியது. இறங்கும்போது நாங்கள் கேட்டு, மாற்றுக் கட்டணம் கட்டிய பிறகுதான் இறங்கியது. இதையும் 2021-இல் யாரும் சொல்லவில்லை.

சரி, உங்கள் கேள்விகளுக்கு வருகிறேன்.

"வாடகை செத்த காசு" என்று பதினைந்து பேராவது எழுதியிருப்பீர்கள். தம்பி வாங்குவதற்கு முன் கொடுத்த வாடகை 16,000. அது திரும்ப வராதுதான். வட்டியாகப் போகிற 37,000 திரும்ப வருமா? அதற்கு என்ன பெயர் வைப்பீர்கள்? வாடகைக்குப் பெயர் வைக்கிறவர்கள் வட்டிக்கும் அதே பெயரை வைக்க வேண்டாமா?

வரிச்சலுகை என்கிறீர்கள். குடியிருக்கும் வீட்டுக்குப் புதிய வரிமுறையில் அது இல்லவே இல்லை. பழைய முறையிலும் வட்டிக்கு வருஷம் 2 லட்சம்தான் உச்சம். மேலே சொன்ன கடனின் முதல் வருஷ வட்டியே 4 லட்சத்துக்கு மேல்.

வீட்டு விலை ஏறும் என்கிறீர்கள். ஏறலாம். மனை ஏறும், கட்டடம் தேயும். உங்கள் பெயரில் இருக்கிற யு.டி.எஸ்., அதாவது பிரிக்கப்படாத மனைப் பங்கு, எவ்வளவு சதுர அடி என்று பத்திரத்தை எடுத்துப் பாருங்கள். 2015 டிசம்பர் வெள்ளத்துக்கு அப்புறம் முடிச்சூர் பக்கம் தரைத்தளம் விற்க அலைந்தவர்களைக் கேளுங்கள். ஏறியதாகவே இருக்கட்டும், 62 லட்சத்துக்கு வாங்கியது ஒரு கோடிக்கு விற்றால் லாபம் என்று சொல்கிறவர்கள் கட்டிய வட்டியை ஏன் கழிப்பதில்லை? மெயின்டனன்ஸ், சொத்து வரி, கோடையில் லாரித் தண்ணீர் எல்லாவற்றையும் ஏன் விட்டுவிடுகிறார்கள்?

ஒருவர் மட்டும் பொறுமையாக எழுதியிருந்தார், இன்றைய 43,000 இருபது வருஷம் கழித்துச் சின்னத் தொகையாகிவிடும், சம்பளம் ஏறும் என்று. நியாயமான பேச்சு, ஒத்துக்கொள்கிறேன். வருஷா வருஷம் சம்பளம் ஏறுகிறவர்களுக்கு அது உண்மை. ஐ.டி. கம்பெனிகள் இருக்கிற ஓ.எம்.ஆரில் வேலை போய் நிற்கிறவர்களை நீங்களும்தானே பார்க்கிறீர்கள்? தவணைத் தேதிக்கு அதெல்லாம் தெரியாது.

தம்பியையும் அந்தத் தேதிதான் ஆட்டி வைத்தது. வேலை போகவில்லை. போகாமல் காப்பாற்றிக்கொள்ள அவன் பட்டதுதான் கொடுமை. மேலதிகாரி கூட்டத்தில் வைத்து அவமானப்படுத்தினாலும் வீட்டுக்கு வந்து ஒன்றும் சொல்ல மாட்டான். வேறு வேலை கிடைத்தும் சம்பளம் கொஞ்சம் குறைவு என்று விட்டான். தேதி 5 நெருங்கினால் அவன் பேச்சே மாறிவிடும். அம்மாவுக்கு இடது கண்ணில் புரை. அடுத்த மாசம், அடுத்த மாசம் என்று அவளே தள்ளிப்போட்டாள், "அவனுக்கு இப்ப முடியாதுடி" என்று என்னிடம் ரகசியமாகச் சொல்லி. நான் பணம் தருகிறேன் என்றால் மகன் மனசு கஷ்டப்படும் என்பாள். இந்தச் செலவெல்லாம் எந்த அட்டவணையில் வரும்? இதைச் சொன்னால் எனக்கு வயிற்றெரிச்சலா?

சொந்த வீட்டு ஆசை எனக்குத் தெரியாது என்று மட்டும் எழுதாதீர்கள். புரசைவாக்கத்தில் ஒண்டுக்குடித்தனத்தில் வளர்ந்தவள் நான். ராத்திரி ஒன்பது மணிக்கு மேல் மோட்டார் போட மாட்டார்கள். ஊரிலிருந்து சித்தப்பா வந்து இரண்டு நாள் தங்கினால், "எப்ப கிளம்புறாங்க?" என்று வீட்டுக்கார அம்மா கதவருகே வந்து கேட்பார். என் அப்பா தலையைக் குனிந்துகொண்டு "நாளைக்குப் போயிடுவாங்கம்மா" என்று சொன்னதைக் கேட்டவள். பெண் பார்க்க வந்தவர்கள் முதலில் கேட்டது "சொந்த வீடா?" என்றுதான். தம்பி ஏன் அவ்வளவு அவசரப்பட்டான் என்று எனக்குத் தெரியாதா? அந்த அவமானம் நம் உடம்பில் இருக்கிறது. அது இருக்கிறது என்று அந்தக் கவுன்டரில் உட்கார்ந்தவருக்கும் நன்றாகத் தெரியும். மாசம் எவ்வளவு என்று மட்டும் பார் என்று அவர் சொல்வது அதைத் தெரிந்துகொண்டுதான். வாடகை வீட்டில் இருப்பவர்களை நாம் மரியாதையாக நடத்தியிருந்தால் இத்தனை பேர் கண்ணை மூடிக்கொண்டு கையெழுத்துப் போட்டிருக்க மாட்டார்கள். இதை எழுதும்போது எனக்குக் கோபம் வருகிறது, வரட்டும்.

வாங்குங்கள். முடிந்தால் சின்னதாக வாங்குங்கள், முன்பணத்தைக் கூட்டுங்கள், காலத்தைக் குறையுங்கள். வருஷத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டினால் மேலே சொன்ன 20 வருஷக் கடன் மூன்று வருஷத்துக்கு மேல் சீக்கிரம் முடியும். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது. கடன் முடிந்ததும் 30 நாளில் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், அவர்களால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் தர வேண்டும். பத்திரம் வாங்கியதோடு வந்துவிடாதீர்கள், அடமானம் தீர்ந்தது என்கிற எம்.ஓ.டி. ரசீதைப் பதிவு செய்தால்தான் வில்லங்கச் சான்றில் கடன் தீர்ந்ததாக வரும்.

மொத்தம் எவ்வளவு என்று கேட்பது அதிகப்பிரசங்கித்தனம் என்று சொன்னவர்களுக்கு ஒன்று. 2024 அக்டோபர் 1 முதல் தரப்படும் ஒவ்வொரு சில்லறைக் கடனுக்கும், வீட்டுக்கடன் உட்பட, கே.எஃப்.எஸ். என்கிற முக்கிய விவரத் தாளைக் கையெழுத்துக்கு முன் தர வேண்டும் என்பது விதி. எல்லாக் கட்டணங்களும் சேர்த்த வருடாந்திர வட்டி விகிதம், மொத்த வட்டி, நீங்கள் கட்டப்போகிற மொத்தத் தொகை எல்லாம் அதில் இருக்க வேண்டும். குறைந்தது மூன்று வேலை நாள் அதை வைத்திருந்து யோசிக்கலாம். வாங்குகிறவருக்குப் புரிகிற மொழியில் இருக்க வேண்டும் என்றும் அதே விதி சொல்கிறது. அந்தப் பெண் கேட்டது இந்தத் தாளில் இருக்கிற ஒரு வரியைத்தான்.

வியாழக்கிழமை அவளும் அவள் வீட்டுக்காரரும் வேறொரு வங்கிக்குப் போகிறார்கள், நானும் போகிறேன். அந்தத் தாளைத் தமிழில் கேட்கப் போகிறோம். உங்களில் யாருக்காவது ஏற்கெனவே தமிழில் கிடைத்திருந்தால், பெயர், கணக்கு எண்ணை மறைத்துப் படம் எடுத்து புதன்கிழமைக்குள் எனக்கு அனுப்புங்கள். அங்கே இல்லை என்று சொன்னால் காட்டுவதற்கு வேண்டும்.