ஃபிரெட் ஃபிரித் 1978இல் முடிந்துபோனவர் அல்ல

அண்ணா, இங்கிலாந்து கிதார் கலைஞர் ஃபிரெட் ஃபிரித் பற்றி, 'அவருடைய ராக் குழு ஹென்றி கௌ 1978இல் கலைந்ததும் ஃபிரித்தின் இசை முடிந்தது, அப்புறம் கிதாரில் கண்டதை மாட்டிச் சத்தம் எழுப்பினார்' என்று எழுதியிருக்கிறீர்கள். வரிசையே தவறு. கிதாரை மாற்றியமைத்து அவர் வாசித்த தனி இசைத்தட்டு 1974இலேயே வந்துவிட்டது, குழு ஓடிக்கொண்டிருந்தபோதே. கிதாரின் தலைப்பக்கம் இன்னொரு பிக்கப், அதாவது தந்தியின் அதிர்வை மின்சைகையாக மாற்றும் கருவி, பொருத்தினார். விரல் அழுத்தும் இடத்துக்கு இரு புறமும் தந்தி ஒலிக்கும். ஒரே கிதாரில் இரண்டு குரல். அதைச் சத்தம் என்று தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை.

குழு கலைந்தபோது அவருக்கு 29 வயதுதான். அப்புறம் நியூயார்க்கில் மாஸக்கர் என்ற குழு, செல்லோ கலைஞர் டாம் கோராவுடன் ஸ்கெலிட்டன் க்ரூ என்ற குழு. நடனத்துக்கும் இசையமைத்தார், கலிஃபோர்னியாவின் மில்ஸ் கல்லூரியில் பல ஆண்டுகள் இசையமைப்பு கற்பித்தார்.

முக்கியமாக, 2001இல் வந்த 'ரிவர்ஸ் அண்ட் டைட்ஸ்' ஆவணப்படம். பனிக்கட்டியாலும் இலையாலும் கல்லாலும் ஆண்டி கோல்ட்ஸ்வொர்த்தி செய்யும் சிற்பங்கள் கண் முன்னே உருகி, மிதந்து போகும். ஃபிரித்தின் இசை அவற்றை அவசரப்படுத்தாமல் கூடவே நடக்கும். சாட்ஸ்வொர்த்தில் என்னிடம் கிதார் கற்கும் பிள்ளைகளுக்கு அதைப் போட்டுக் காட்டுகிறேன். நீங்களும் ஒருமுறை பாருங்கள் அண்ணா.