அந்தக் கடைசி வரியை வெட்டிவிடுங்கள், தம்பிகளா

சுங்கை சிப்புட் பையன்கள் எடுத்த குறும்படம் ஒன்றை நேற்றுதான் பார்த்தேன். படிவம் ஐந்து படிக்கும் ஒருவனுக்குத் தன் தாடை கோணல் என்று மனதில் விழுந்துவிடுகிறது. அவ்வளவுதான் கதை. பேயும் இல்லை, ரத்தமும் இல்லை. ஆனால் வயிற்றைப் பிசைகிறது.

கோப்பிக் கடைக்குள் வந்தும் ஹெல்மட்டைக் கழற்ற மாட்டேன் என்கிறான். முன்கண்ணாடியைக் கொஞ்சமாகத் தூக்கி, ஸ்ட்ராவில் மைலோ குடிக்கிறான். இரவில் அப்பாவின் கப்சாய் மோட்டார் கண்ணாடியைத் திருப்பித் தாடையைப் பார்க்கிறான். விடியற்காலை செம்பனைத் தோட்டத்துக்குக் கிளம்பும் அப்பா அதைத் திரும்பச் சரிசெய்துகொண்டு போகிறார். ஒருநாளும் ஏன் என்று கேட்பதில்லை. அந்த ஓர் இடத்துக்காகவே எடுத்த தம்பிக்குக் கை கொடுக்கலாம்.

அப்புறம் அம்மா. "கோணலா இருக்காம்மா?" "இல்லடா, நல்லாத்தான் இருக்கே." பல் விளக்கிவிட்டு வந்ததும் மறுபடி அதே கேள்வி. தோற்றத்தில் பெரிய குறை இருப்பதாக மனம் ஓயாமல் நம்பவைக்கும் நோய் இது (body dysmorphic disorder). அதைச் சரியாகப் பிடித்திருக்கிறார்கள். அம்மாவின் பதில் சொறிந்துவிடுவது மாதிரி: கொஞ்ச நேரம் சுகம், பிறகு அரிப்பு கூடும்.

இவ்வளவும் எடுத்துவிட்டு, முடிவில் வயலினைப் போட்டு, 'உன்னை நேசி, நீ அழகானவன்' என்று எழுத்து ஓடவிட்டால் எப்படி? அதைத்தானே அந்த அம்மா படம் முழுக்கச் சொல்லிக்கொண்டிருந்தார்!

கூடப் பார்த்த அண்ணன் ஒருவர், "இதெல்லாம் வசதியான வீட்டுப் பிள்ளைங்களுக்கு வர்றது" என்றார். இத்தாலிய மருத்துவர் மோர்செல்லி 1891-லேயே எழுதி வைத்த நோய் இது. 2013-இல் வந்த அமெரிக்க மனநலக் கையேடு இதை எண்ணச் சுழற்சி நோயோடு (OCD) ஒரே வகையில் சேர்த்தது. நூற்றுக்குச் சுமார் இரண்டு பேருக்கு இருக்கும் என்கிறார்கள். பெரும்பாலும் பதின்ம வயதில் தொடங்கும், ஆண் பிள்ளைகளுக்கும் வரும். நம் லயத்துப் பையன்கள் மட்டும் எப்படித் தப்புவார்கள்?

இதற்குச் சிகிச்சை இருக்கிறது. கண்ணாடி பார்ப்பதையும் அடுத்தவரிடம் கேட்பதையும் படிப்படியாக நிறுத்தப் பழக்கும் பேச்சுவழி மனநலச் சிகிச்சை ஒன்று. தேவைப்பட்டால் மாத்திரையும் உண்டு. அரசாங்கச் சுகாதார நிலையமான கிளினிக் கெசிஹாத்தானில் ஒரு வெள்ளி கட்டி டாக்டரிடம் சொன்னால், மனநலப் பிரிவுக்குக் கடிதம் எழுதித் தருவார்கள். எழுத்து ஓடித்தான் ஆக வேண்டுமென்றால் இதை ஓடவிடுங்கள்.

அப்படியே அந்த மழைச் சத்தத்தையும் குறைத்துவிடுங்கள். அப்பா பேசுவதே நாலு வார்த்தை. அதிலும் பாதி தகரக் கூரையோடு போய்விட்டது.