அகதிகளை ஓடவிடும் யூடியூப்

1914-இல் ஜெர்மன் படை பெல்ஜியத்துக்குள் புகுந்தபோது வீட்டைப் பூட்டிவிட்டுக் கிளம்பிய ஜனங்களின் மௌனப்படத் துணுக்குகள் யூடியூபில் நிறையக் கிடக்கின்றன. கீழே இருக்கும் கமெண்ட்டுகளைப் படித்தால் பற்றிக்கொண்டு வருகிறது. "சாப்ளின் படம் மாதிரியே இருக்கு" என்று ஒரு சிரிப்பு எமோஜி. சிரித்தவர்களைச் சொல்லிக் குற்றமில்லை, வீடியோவை ஏற்றியவர் செய்த வேலை அது.

அந்தக் காலத்துக் கேமராவைக் கையால்தான் சுற்ற வேண்டும். விநாடிக்கு ஏறக்குறைய 2 சுற்று, சுற்றுக்கு 8 ஃபிரேம் (அதாவது 8 தனிப்படம்), ஆக விநாடிக்கு 16. அதை அப்படியே பிற்காலத்து 24 ஃபிரேம் கணக்கில் ஓட்டினால் ஒரு நிமிட நடை 40 விநாடியில் முடிந்துவிடும். மெத்தையும் மூட்டையும் ஏற்றிய தள்ளுவண்டியை மூச்சு வாங்கத் தள்ளும் பெரியவர் குடுகுடுவென்று ஓடுவார். நகைச்சுவைப் படக்காரர்கள் வேண்டுமென்றே மெதுவாகச் சுற்றி இந்தச் சிரிப்பை வாங்கினார்கள். இந்தப் பெரியவர் யாரையும் சிரிக்க வைக்கக் கிளம்பியவர் இல்லை.

அந்த அக்டோபரில் ஆண்ட்வெர்ப் நகரம் விழுந்த சமயத்தில் நெதர்லாந்துக்குள் போனவர்கள் மட்டும் கிட்டத்தட்ட 10 லட்சம் பேர். இங்கிலாந்துக்குக் கப்பலேறியவர்கள் சுமார் இரண்டரை லட்சம்.

சரியான வேகத்தில் ஒருமுறை பாருங்கள். நாய் பூட்டிய வண்டி ஒன்று வரும் (அன்றைய பெல்ஜியத்தில் பால் வண்டிக்கே நாய்தான்). பின்னால் ஒரு சிறுமி, கேமராவுக்கு நேராக வந்ததும் நின்று பார்ப்பாள். அம்மா கையைப் பிடித்து இழுத்த பிறகும் திரும்பித் திரும்பிப் பார்ப்பாள். வேக ஓட்டத்தில் அது வெறும் தலையாட்டலாகப் போய்விடுகிறது.

என் கட்சி இதுதான்: வேகத்தைத் திருத்துங்கள், அதோடு கையை எடுத்துவிடுங்கள். இப்போது ஏஐ வைத்து வர்ணம் பூசி, குளம்புச் சத்தமும் பீரங்கிச் சத்தமும் சேர்த்து, 'மீட்டெடுத்தோம்' என்கிறார்கள். எதிலிருந்து மீட்டார்கள்? அன்றைய ஃபிலிமுக்குச் சிவப்பு தெரியாது. சிவப்புச் சால்வையும் கறுப்புச் சால்வையும் அதில் ஒரே இருட்டு, நீல வானம் வெள்ளை. அந்தச் சாம்பலுக்குள் நிறத்தைத் தேடி எடுக்க முடியாது, ஊகித்துப் பூசத்தான் முடியும். சத்தமோ முழுக்க முழுக்க இரவல்.

வர்ணம் இருந்தால்தான் இளசுகள் பார்க்கும் என்று ஒரு சமாதானம் சொல்கிறார்கள். சாப்ளினை இன்னும் கறுப்பு வெள்ளையில்தானே பார்க்கிறார்கள்?

அடுத்த முறை இப்படி ஓடும் வீடியோ கண்ணில் பட்டால், செட்டிங்ஸில் போய் வேகத்தை 0.75 ஆக்குங்கள். கணக்குப்படி 18 ஃபிரேம் வரும், ஏறக்குறைய அவர்கள் நடந்த நடை. அந்தச் சத்தத்தையும் மியூட் பண்ணிவிடுங்கள்.