இனுல் தாரதிஸ்தாவை உருவாக்கியது யூடியூப் அல்ல

இந்தோனேசியாவில் தொலைக்காட்சியின் பிடியை உடைத்து டாங்டுட் என்னும் அந்நாட்டு வெகுஜன ஆடலிசைப் பாடகர்களை மக்களிடம் கொண்டுசேர்த்தது யூடியூப்தான் என்றும், அங்குள்ள தொலைக்காட்சி நிறுவனங்கள் அதனால் வீழ்ந்துவிட்டன என்றும் நண்பர் ஒருவர் எழுதியிருப்பது காலவரிசைக்கே பொருந்தவில்லை.

கிழக்கு ஜாவாவின் பாசுருவானைச் சேர்ந்த டாங்டுட் பாடகி இனுல் தாரதிஸ்தா 2003இல் நாடறிந்தவரானபோது யூடியூப் பிறக்கவே இல்லை. திருமண வீடுகளிலும் ஊர் மேடைகளிலும் இடுப்பைத் துரப்பணம்போல் சுழற்றி அவர் ஆடியதை யாரோ படமெடுக்க, அது திருட்டு விசிடிகளாகச் சந்தைக் கடைகளில் மலிவு விலைக்கு விற்று ஊர் ஊராகப் பரவியது. தொலைக்காட்சி அதற்குப் பின்னரே அவரைத் தேடி வந்தது. டாங்டுட் இசையின் மூத்த நட்சத்திரமான ரோமா இராமா அவரைக் கடுமையாகக் கண்டித்ததும் அதன் பிறகுதான். (அந்தக் கண்டனம் இனுலுக்கு இலவச விளம்பரமாகவே முடிந்தது என்பது என் கருத்து.) ஆகவே, தொலைக்காட்சியைச் சுற்றிக்கொண்டு செல்லும் வழி இணையத்துக்கு முன்பே திறந்திருந்தது, யூடியூப் அதை அகலப்படுத்தியது, அவ்வளவுதான்.

வீழ்ச்சி என்பதும் மிகை. எஸ்சிடிவி, இந்தோசியார் ஆகிய அலைவரிசைகளை வைத்திருக்கும் எம்டெக் குழுமத்தின் கையில்தான் விடியோ என்ற இணையத் தளமும் இருக்கிறது. மற்றொரு தனியார் தொலைக்காட்சியான ஆர்சிடிஐ தன் பங்குக்கு, இணையக் காணொளிச் சேவைகளையும் ஒளிபரப்புச் சட்டத்துக்குள் கொண்டுவரக் கோரி 2020இல் அரசியலமைப்பு நீதிமன்றம் சென்றது. 2021 ஜனவரியில் அம்மனு தள்ளுபடியானது. போட்டியை உணர்ந்து வழக்காடவும் முதலீடு செய்யவும் வலுவுள்ள நிறுவனங்களை வீழ்ந்தவை என்று எப்படிச் சொல்வது?